பயப்படுவதில் கிராண்ட் பிரீ

எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜின் மேல் ஒரு கோப்பை இருக்கிறது. இரண்டு காது, கறுப்பு மரத்தில் அடிப்பாகம், ஒன்றரைச் சாண் உயரம். வீட்டுக்கு வருகிறவர்கள் "பொண்ணு ஜெயிச்சதா?" என்று கேட்டுக்கொண்டே கிட்டப் போவார்கள். நான் அவசரமாகக் காபியை நீட்டி அவர்களைத் திருப்பி உட்காரவைப்பேன். கோப்பையின் நெற்றியில் "பயப்படுவதில் கிராண்ட் பிரீ" என்று வெட்டியிருக்கிறது. ஜெயித்தது நான்.

கொடுத்தவர், ஆஸ்டின் டவுனில் கப், ஷீல்டு, மெடல் கடை வைத்திருந்த ஒரு அக்கா. அவருடைய கடைக்கு மேல்மாடியில் நாங்கள் ஆறு வருஷம் குடியிருந்தோம். என் மகள் வினிக்கு ஐந்து வயதிலிருந்து பதினொன்று வரை.

தெருவே அவரைக் கப்பக்கா என்றுதான் கூப்பிடும். எங்கள் பக்கத்துப் பேச்சில் கப்பு என்றால் நாற்றம். புதிதாக வருகிறவர்கள் அந்தப் பெயரைக் கேட்டு வாயைப் பொத்திக்கொள்வார்கள். அவர் விடமாட்டார். "நல்லா சிரிங்க. கப்பு அடிக்கத்தான் செய்யும். எத்தினி பேரோட வேர்வை இந்தக் கடையில இருக்குது!" என்பார்.

ஐம்பதைத் தாண்டியவர். புடவைக்கு மேல் எப்போதும் ஓர் ஆண்பிள்ளை ஸ்வெட்டர். எழுத்து வெட்டும் மெஷினில் குனிந்தே இருப்பதால் வகிட்டில் பித்தளைத் தூள் படிந்திருக்கும். வாசலுக்கு வந்து வெயிலில் நின்றால் தலை மின்னும். பக்கத்து ஓட்டலிலிருந்து பை டூ காபி வரும். ஒரு காபியை இரண்டாகப் பிரித்துக் கொடுப்பார்களே, அது. தன் பாதியை அவர் தம்ளரில் குடித்து நான் பார்த்ததில்லை. எழுத்துப் பிழையால் தள்ளுபடியான ஒரு சின்னக் கோப்பையில் ஊற்றி, இரண்டு காதையும் இரண்டு கையால் பிடித்து, ஜெயித்தவர்போல ஒருமுறை தலைக்குமேல் தூக்கிவிட்டுத்தான் உறிஞ்சுவார்.

அக்காவின் வியாதி இதுதான்: யாரைப் பார்த்தாலும் முதல் பரிசு கொடுத்தாக வேண்டும். எதில் முதல் என்பதை அவர் தீர்மானிப்பார். வாங்குகிறவர் பெருமைப்படுகிற விஷயமாக அது ஒருநாளும் இருக்காது. தண்ணீர் டேங்கர் டிரைவருக்கு, "தோ வந்துட்டேன்" சொல்வதில் முதல் பரிசு. அவர் அந்த மெடலை ஸ்டியரிங் பக்கத்தில் தொங்கவிட்டுக்கொண்டு தாமதமாகவே வந்துகொண்டிருந்தார். "அடுத்த மாசம் கண்டிப்பா பெயிண்ட் அடிச்சுடலாம்" என்று ஆறு வருஷமும் சொன்ன எங்கள் வீட்டு ஓனருக்கு, வாக்குக் கொடுப்பதில் ஒரு ஷீல்டு. அவர் நிஜமான கௌரவம் என்று நினைத்துக் கூடத்தில் மாட்டினார்.

இரண்டாம் பரிசு, மூன்றாம் பரிசு எல்லாம் வெளியார் ஆர்டர் கொடுத்தால்தான் வெட்டுவார், அதுவும் முணுமுணுத்துக்கொண்டே.

அவர் பட்டங்களுக்குக் கிராண்ட் பிரீ என்ற பெயர் வந்தது என் கண் முன்னால். பைக் ரேஸ் நடத்தும் இளைஞர் ஒருவர் ஆர்டர் கொடுத்த கோப்பையை வாங்க வந்திருந்தார். நான் சாவி வாங்க இறங்கியிருந்தேன்.

"உன் கிராண்ட் பிரிக்ஸ் ரெடிப்பா," என்று அக்கா கோப்பையைத் தூக்கி வைத்தார்.

"பிரிக்ஸ் இல்ல ஆன்ட்டி. பிரீ. கடைசி எக்ஸ் சைலன்ட்."

"சைலன்ட்டா இருக்கறவனுக்கு எதுக்குப்பா தகட்டுல எடம்? உள்ளதிலயே வெட்டறதுக்குப் பேஜாரான எழுத்து அதுதான். நாலு கோடும் குறுக்க ஓடுது."

"ஃப்ரெஞ்ச் வார்த்தை ஆன்ட்டி, அப்படித்தான். பெரிய பரிசுன்னு அர்த்தம். கார் ரேஸ்ல சொல்வாங்க. சினிமா விழாவுல சொல்வாங்க. பாட்டு, பெயிண்டிங், எதுக்கு வேணும்னாலும் சொல்வாங்க."

அக்கா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். "பெரிய பரிசு. அவ்வளவுதானா? நான் என்னமோ கார் சம்பந்தப்பட்ட பார்ட்ஸ் பேருன்னு நினைச்சுட்டு இருந்தேன்." பிறகு என் பக்கம் திரும்பி மெதுவாக, "எதுக்கு வேணும்னாலும் சொல்லலாமாம்," என்றார். கையில் புதுக் கத்தி கிடைத்தவர்போல இருந்தது அந்த முகம்.

அந்த வார்த்தை முதலில் வெட்டியது எங்கள் பகுதித் தமிழ் மன்றத்தைத்தான்.

மன்றம் வருஷா வருஷம் பாட்டுப் போட்டி நடத்தும். பாடுகிறவர்களும் அவர்களுடைய பெற்றோரும்தான் கூட்டம். "இந்த வருஷம் பட்டத்துக்குக் கொஞ்சம் கெத்தா ஒரு பேர் சொல்லுங்கக்கா," என்று செயலாளர் வந்து கேட்டார். ரிட்டயர்டு தாசில்தார், சட்டைப்பையில் மூன்று பேனா வைத்திருப்பவர். அக்கா யோசிக்கவே இல்லை. மூன்றாம் நாள் தெருமுனையில் பேனர் ஏறியது. "மாபெரும் கிராண்ட் பிரீ! அனைவரும் வருக!"

தமிழில் பிரீ என்று எழுதினால் எந்த பிரீ என்று யாருக்குத் தெரியும்? இலவசத்தையும் நாம் அப்படித்தானே எழுதுகிறோம். ஞாயிறு மாலை நான்கு மணிக்கு மன்றத்து வாசலில் வரிசை நின்றது. ஒயர்கூடை, கட்டைப்பை, மூடி போட்ட பாத்திரம். ஒரு பெண்மணி ரேஷன் கார்டும் அதன் இரண்டு ஜெராக்ஸும் கொண்டுவந்திருந்தார்.

"எத்தினி மணிக்குக் குடுப்பீங்க?"

"என்னம்மா குடுப்போம்?"

"அத நீங்கதான் சொல்லணும். பெருசுன்னு போட்டிருக்கீங்களே."

செயலாளருக்கு வேர்த்துவிட்டது. இலவசம் இல்லை என்று சொன்னால் நாற்காலி பறக்கும். அக்காதான் தன் கடைக்கு ஓடினார். எழுத்துப் பிழையால் தள்ளுபடியான மெடல்களை ஒரு பழைய பிஸ்கட் டின்னில் போட்டு வைத்திருப்பார். அதில் நூற்றுக்குமேல், ஒரே பள்ளியின் ஆர்டர், "ஃபர்ஸ்ட்" என்பதில் இரண்டு இங்கிலீஷ் எழுத்து இடம் மாறி "ஃப்ரிஸ்ட்" என்று விழுந்தவை. டின்னோடு மேடையேறி மைக்கைப் பிடித்தார்.

"கடைசிப் பாட்டு வரைக்கும் உக்காந்து கேக்கறவங்க எல்லாருக்கும் மெடல். ஃப்ரீ. கூடை கொண்டுவந்தவங்களுக்கும் ஒண்ணுதான்."

மன்ற வரலாற்றில் கடைசிப் பாட்டுக்குக் கைதட்டல் விழுந்த ஒரே வருஷம் அதுதான். ரேஷன் கார்டு அம்மாள் மெடலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, "ஜெராக்ஸுக்கு ஒண்ணு கெடைக்குமா?" என்று கேட்டார். அதற்குப் பிறகு எங்கள் தெருவில் யார் எதைச் சாதித்தாலும், கேஸ் சிலிண்டர் சீக்கிரம் வந்துவிட்டால்கூட, "ஃப்ரிஸ்ட்!" என்பது வழக்கமாயிற்று.

அக்காவின் விளையாட்டு எல்லா முறையும் இப்படி முடிந்ததாகச் சொல்ல முடியாது. பக்கத்துத் தெருவில் ஓவிய ஆசிரியர் ஒருவர் இருந்தார். ஒவ்வொரு வருஷமும் கண்காட்சிக்குப் படம் அனுப்புவார். ஒவ்வொரு வருஷமும் ஆறுதல் பரிசு வரும். அங்கே வெறும் சான்றிதழ்தான் தருவார்கள் என்பதால், சுவரில் மாட்டத் தகடு ஒன்று செய்துகொள்ள அக்காவிடம் வந்தார்.

"ஆறுதல்னு வெட்ட மாட்டேன் சார். எழவு வீட்லதான் ஆறுதல் சொல்லுவாங்க."

"பரிசோட பேரே அதுதாம்மா."

"நீங்க போய்ட்டு வெள்ளிக்கிழமை வாங்க."

வெள்ளிக்கிழமை அவர் கையில் கிடைத்த தகட்டில் "விடாப்பிடியில் கிராண்ட் பிரீ" என்று இருந்தது. அவர் தகட்டை மேஜைமேல் கவிழ்த்து வைத்துவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு போனார். பிறகு அந்தக் கடை வாசலைத் தவிர்த்து அடுத்த தெரு வழியாகச் சுற்றிக்கொண்டு போக ஆரம்பித்தார். அக்கா இரண்டு நாள் காபிக் கோப்பையைத் தலைக்குமேல் தூக்கவில்லை. மூன்றாம் நாள் என்னிடம், "ஆளப் பாத்து சைஸ் எடுக்கணும். நான் எடுக்காம வெட்டிட்டேன்," என்றார். அவர் கேட்டபடி "ஆறுதல் பரிசு" என்றே ஒரு தகடு வெட்டி, ஓட்டல் பையன் மூலம் அனுப்பிவைத்தார். அது சுவரில் ஏறியதா என்று எனக்குத் தெரியாது.

என் கோப்பைக்கு வருகிறேன்.

நான் மோட்டார் இன்சூரன்ஸ் அலுவலகத்தில், க்ளெய்ம் பிரிவில் வேலை செய்கிறேன். காலை பத்து மணி முதல் நசுங்கிய வண்டிகளின் போட்டோவைப் பார்ப்பது என் தொழில். கதவு எந்தக் கோணத்தில் மடங்கினால் உள்ளே இருந்தவருக்கு என்ன ஆகியிருக்கும் என்று எனக்குத் தெரியும். வேண்டாத கல்வி. அந்தக் கல்வியோடு ஒரு குழந்தையை வளர்த்துப் பாருங்கள். வினி ஸ்கூல் வேனில் ஏறினால் தெருமுனை திரும்பும்வரை நான் வேனோடு நடப்பேன். சைக்கிளுக்குப் பக்கவாட்டுச் சக்கரத்தை எட்டு வயதுவரை கழற்றவிடவில்லை. அக்கா கடையிலிருந்து பார்த்துக்கொண்டே இருப்பார். எனக்கு அவர் வைத்த பெயர் டென்சன் மேடம்.

வினிக்கு ஆறு வயதில் பள்ளி விளையாட்டு விழா. ஐம்பது மீட்டர் ஓட்டம். கோப்பைகளைக் கொண்டுவந்த அக்கா பரிசு மேஜை பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். விசில் ஊதினார்கள். மற்ற அம்மாக்கள் கயிற்றுக்கு வெளியே நின்று கத்தினார்கள். நான் எப்போது கயிற்றைத் தாண்டினேன் என்று எனக்கு ஞாபகம் இல்லை. புடவையை ஒரு கையால் தூக்கிப் பிடித்து, மறு கையை அவள் விழுந்தால் தாங்குவதற்காக நீட்டி, "மெதுவா, மெதுவா" என்று கூவியபடி கூடவே ஓடியிருக்கிறேன். ஓட்டப் பந்தயத்தில் மெதுவா என்று கத்திய ஒரே தாய் நான்தான். வினி நான்காவதாக வந்தாள். நான் முதலாவதாக வந்தேன். முடிவுக்கோட்டு நாடா என் வயிற்றில் அறுந்தது.

மறுநாள் காலை பால் பாக்கெட்டுக்குப் பக்கத்தில் அந்தக் கோப்பை இருந்தது. "பயப்படுவதில் கிராண்ட் பிரீ."

நான்கு நாள் அக்காவோடு பேசவில்லை. ஐந்தாம் நாள் கோப்பையைத் திருப்பிக் கொடுக்க இறங்கினேன்.

"என்ன மேடம், ரிட்டர்னா? அதுக்குள்ள உங்கள விட பயந்தவங்க யாராச்சும் கெடைச்சுட்டாங்களா?"

"அக்கா, இது எனக்கு நல்லா இல்ல."

"கீழ பாருங்க."

அடிமரத்தைச் சுற்றி எட்டுச் சின்னத் தகடுகள். முதல் தகட்டில் "டென்சன் மேடம்" என்று வெட்டி, மிச்சம் ஏழையும் காலியாக விட்டிருந்தார்.

"ரோலிங் கப் மேடம் இது. ஒரு வருஷம் வெச்சுக்கணும். உங்கள விட ஜாஸ்தி பயப்படற ஆள் வந்தா மூச்சு விடாம கைமாத்திடணும். வரலன்னா மறுபடியும் உங்க பேருதான்."

"நான் வேணும்னா பயப்படறேன்?"

"வேணும்னு யாரு ஓடறா? பேட்டி குடுக்கறப்போதான் அப்படிச் சொல்லுவாங்க. ஆனா மேடம், அன்னைக்கு எல்லா அம்மாவும் அவங்கவங்க பிள்ளை எத்தனாவதுன்னு பாத்துட்டு இருந்தாங்க. நீங்க அதப் பாக்கவே இல்ல. நான் பாத்தேன்."

கோப்பையைத் தூக்கிக்கொண்டு மாடியேறினேன்.

அடுத்த வருஷமும் பள்ளி விழாவுக்கு மறுநாள் அக்கா வந்து கோப்பையை வாங்கிப் போய் இரண்டாம் தகட்டில் டென்சன் மேடம் என்று வெட்டிக்கொண்டு வந்தார். நீச்சல் வகுப்பில் நான் புடவையோடு குளத்தில் இறங்கிய வருஷம் அது. மூன்றாம் தகடும் என்னுடையதானபோது, நான் அலுவலகத்தில் விசாரித்து வைத்திருந்த சட்டத்தை எடுத்துவிட்டேன். "அக்கா, ரோலிங் கப்ப மூணு வருஷம் தொடர்ந்து ஜெயிச்சா அது சொந்தமாயிடும். அப்புறம் பேர் வெட்டக் கூடாது. எல்லா க்ளப்லயும் அதான் ரூல்."

"எல்லா க்ளப்லயும் சரி. இந்தக் கப்புக்கு அந்த ரூல் கெடையாது."

"ஏன்?"

"வேற எத வேணும்னாலும் சொந்தமாக்கிக்கோங்க. இத விட மாட்டேன்." சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ஆனால் கோப்பையை என் கையில் தருவதற்கு முன் முந்தானையால் இரண்டு முறை துடைத்தார்.

ஐந்து தகடு என் பெயரில் விழுந்த பிறகு, அலுவலகத்துக்குப் பக்கத்தில் என்று நாங்கள் வீடு மாறினோம். ஒரு வருஷம் கழித்துப் போய்ப் பார்த்தபோது கடை இருந்த இடத்தில் மொபைல் கவர் விற்றார்கள். அக்கா தன் தங்கையோடு திருப்பத்தூர்ப் பக்கம் போய்விட்டாராம். போன் எண்ணும் மாறிவிட்டது. மூன்று தகடு காலியாகவே ஃப்ரிட்ஜின் மேல் ஏறியது அந்தக் கோப்பை.

வினிக்கு இப்போது பதினேழு. நான் வேனோடு நடந்து வளர்த்த பெண், கோ கார்ட் ஓட்டுகிறாள். தரையோடு தரையாக ஒரு இரும்புத் தட்டு, அதற்கு நான்கு சக்கரம், ஒரு இன்ஜின். கதவு கிடையாது, கூரை கிடையாது. எங்கள் அலுவலகம் பாலிசியே தராத வாகனம். ஊருக்கு வெளியே இருக்கும் டிராக்கில் போன மாதம் தகுதிச் சுற்று. வளைவில் பின்னாலிருந்து வந்த வண்டி இடித்து, அவளுடைய வண்டி இரண்டு சுற்றுச் சுற்றி டயர்ச் சுவரில் போய் மோதியது. நான் கம்பிவேலியைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தேன். இத்தனை வருஷம் மோதலுக்குப் பிந்திய போட்டோக்களைத்தான் பார்த்திருக்கிறேன். மோதல் நடக்கும்போது சத்தம் வரும் என்பது அன்றுதான் தெரிந்தது. அவள் எழுந்து, ஹெல்மெட்டைக் கழற்றி, கையசைத்தாள். கட்டைவிரலில் சுளுக்கு, அவ்வளவுதான். எனக்குத்தான் இன்னும் சரியாகவில்லை. இதை எழுதும்போதும் பக்கத்து வீட்டில் பாத்திரம் விழுந்தால் பேனா துள்ளுகிறது.

அப்படியும் இறுதிச் சுற்றுக்குத் தேர்வாகிவிட்டாள். பதினெட்டு ஆகாததால் இதற்கென்று தனியாகப் பெற்றோர் சம்மதப் படிவம் வேண்டும். அவளுடைய அப்பா துபாயில். படிவத்தை என் முன்னால் வைத்தாள். மேலே கொட்டை எழுத்தில் பந்தயத்தின் பெயர்: ஜூனியர் கிராண்ட் பிரீ. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வந்த சிரிப்பு அழுகையாகவும் மாறியது. பத்து நாள் கையெழுத்துப் போடவில்லை. அவள் சண்டை போடவில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது.

போன சனிக்கிழமை சொன்னாள். "அம்மா, நீ ஒரே ஒரு ரவுண்டு ஓட்டிப் பாரு. அதுக்கப்புறம் கையெழுத்துப் போட வேணாம்னா போடாத. நான் கேக்கவே மாட்டேன்."

போனேன். பொதுமக்கள் வாடகைக்கு ஓட்டும் நேரம். யாரோ பத்துப் பேர் மாட்டிக் கழற்றிய ஹெல்மெட்டைத் தந்தார்கள். உள்ளே அப்படியொரு கப்பு. எத்தினி பேரோட வேர்வை என்று அக்கா குரல் காதுக்குள்ளேயே கேட்டது. சிரித்துக்கொண்டேதான் கிளம்பினேன்.

முதல் பாதி நன்றாகவே போயிற்று. என்னைவிட ஆட்டோ வேகமாகப் போகும் என்பது வேறு விஷயம். மூன்றாவது வளைவில் பிரேக் என்று நினைத்து ஆக்ஸிலேட்டரை மிதித்தேன். வண்டி சீறி, பக்கவாட்டில் திரும்பி, பாதையின் நடுவில் குறுக்காக நின்றது. பின்னால் இரண்டு வண்டிகள் வரும் சத்தம். ஆச்சரியம் என்னவென்றால், எனக்குப் பயப்பட நேரமே கிடைக்கவில்லை. ஸ்டியரிங்கை எந்தப் பக்கம் திருப்புவது என்பதுதான் மண்டைக்குள் இருந்தது. ஒரு வழியாகத் திருப்பி, நகர்த்தி, திரும்ப ஓட ஆரம்பித்தேன். அந்த இரண்டு பேரும் என்னைத் தாண்டிப் போனார்கள்.

அப்போதுதான் பார்த்தேன். டயர்ச் சுவரைத் தாண்டிக் குதித்து, ஓரத்துப் புல்லில் என்னோடு சமமாக ஓடிவந்துகொண்டிருந்தாள் வினி. ஒரு கையை நீட்டியபடி. "அம்மா, மெதுவா! மெதுவா!" பின்னாலேயே டிராக் ஆட்கள் விசில் ஊதிக்கொண்டு துரத்தினார்கள். கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட முடிவுக்கோட்டை எனக்கு முன்னால் அவள் தாண்டினாள்.

இறங்கியபோது அவள் முகத்தில் ரத்தமே இல்லை. "அறிவிருக்கா உனக்கு? பின்னாடி வண்டி வருது, குறுக்க நிக்கற! ஏதாவது ஆயிருந்தா?"

"எனக்கு ஒண்ணும் ஆகலையே."

"உனக்கு ஆகல. எனக்கு?" கேட்டுவிட்டு, இன்னும் நீட்டியிருந்த கையை அவளே கீழே இறக்கினாள்.

வீட்டுக்கு வந்ததும் ஸ்டூல் போட்டு ஏறிக் கோப்பையை இறக்கினேன். தூசி தட்டி, அவளுடைய பழைய காம்பஸ் ஊசியால் ஆறாம் தகட்டில் கீற ஆரம்பித்தேன். அக்காவின் கைக்கும் என் கைக்கும் ஒப்பே இல்லை. "வினி" என்பதில் வி சரியாக வந்தது. னி தகட்டை விட்டு மரத்தில் ஏறிவிட்டது.

"எனக்கு வேணாம்மா இது."

"வேணாம்னு சொல்ல முடியாது. ரோலிங் கப். மூச்சு விடாம கைமாத்தணும், அதான் ரூல்."

அவள் கோப்பையை மடியில் வைத்துக்கொண்டு என் ஐந்து பெயர்களையும் ஒவ்வொன்றாக விரலால் தடவிப் படித்தாள். பிறகு, "ஃப்ரிஸ்ட்," என்றாள்.

படிவத்தை எடுத்தேன். கையெழுத்துக் கோணலாகத்தான் விழுந்தது. கீழே "போட்டியாளருக்கு உங்கள் உறவு" என்று ஒரு கட்டம். "முன்னாள் சாம்பியன்" என்று எழுதப் போனேன். அவள் பேனாவைப் பிடுங்கி "தாய்" என்று நிரப்பிவிட்டாள்.

வருகிற ஞாயிறு பந்தயம். விசில் ஊதிய மறுநிமிஷமே அந்தப் பட்டம் என்னிடம் திரும்பிவிடும் என்று எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும். பரவாயில்லை. இன்னும் இரண்டு தகடு காலியாக இருக்கிறது.